எட்ரிக்குக்கு வந்த காய்ச்சல்

போன ஞாயிற்றுக்கிழமை மைத்துனர் வீட்டுக்குப் போயிருந்தோம். புதிதாகக் கேபிள் இணைப்பு வாங்கியிருக்கிறார். வாங்கியவர் சும்மா இருப்பாரா? இலை போடுவதற்கு முன்னால் எல்லாச் சேனலையும் வரிசையாகத் திருப்பிக் காட்டினார்.

ஒரு சேனலில் ஒரு வெள்ளைக்காரத் தளபதி. இரும்புச் சட்டை, தோள் வரை முடி, கையில் ஆளுயர வாள். எதிரே நிற்பவனைப் பார்த்து, “ஏண்டா டேய், என்கிட்டயே உன் வேலையக் காட்டுறியா?” என்றான். சுத்தமான மெட்ராஸ் தமிழ். அவன் வாயை மூடி இரண்டு விநாடி ஆன பிறகும் வசனம் வந்துகொண்டிருந்தது.

நான் சிரித்தேன். கொஞ்சம் அதிகமாகவே சிரித்துவிட்டேன் போலிருக்கிறது. என் மனைவி பாயசக் கரண்டியோடு வந்து, “நீங்க சிரிக்கலாமா? இந்த அக்கிரமத்தை ஆரம்பிச்சு வச்சதே நீங்கதானே?” என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள்.

மைத்துனர் என்னைப் பார்த்தார். நான் டிவியைப் பார்த்தேன்.

உண்மைதான். வெள்ளைக்காரர்களைத் தமிழ் பேச வைத்த பாவத்தில் எனக்கும் ஒரு பங்கு உண்டு. இத்தனை வாரம் எழுதியும் அதை மட்டும் உங்களிடம் சொன்னதில்லை. காரணம் அடக்கம் என்று நினைத்துவிடாதீர்கள்... வெட்கம்.

பத்திரிகைக்கு வருவதற்கு முன் நான் டெலிபோன் ஆபரேட்டராக இருந்தவன். அதில் மூன்று வருஷம் ஏற்காட்டில். தொண்ணூறுகள் தொடங்கிய சமயம். சின்ன எக்ஸ்சேஞ்ச். போர்டுக்கு முன்னால் நாலு பேர் முறை வைத்து உட்காருவோம். யார் கூப்பிட்டாலும் நாங்கள் ஒயரைச் சொருகினால்தான் பேச்சு.

எங்களில் சீனியர் பிலோமினா அக்கா. டூட்டி சார்ட் போடுவதும் அவர்தான். வயது முப்பத்தைந்து இருக்கும். கல்யாணம் ஆகவில்லை. அம்மாவோடும், அண்ணன் சவரிமுத்துவின் குடும்பத்தோடும் ஒரே வீட்டில் இருந்தார். சவரிமுத்து வெள்ளக்கடைப் பக்கம் ஒரு காபி எஸ்டேட்டில் ரைட்டர் — அதாவது ஆள் கணக்கும் வேலைக் கணக்கும் எழுதுகிறவர். கண்டிப்பான மனிதர். தங்கையின் மேல் பிரியம் உள்ளவர்தான். ஆனால் ஊர் என்ன சொல்லும் என்பதில் அதைவிடப் பிரியம்.

மழைக்காலத்தில் சேலம் லைன் இரைந்து இரைந்து அறுந்துபோகும். அப்போதெல்லாம் பிலோமினா அக்கா ஒரு வாக்கியம் சொல்வார். “லைன்ல இருங்க சாமி... போயிறாதீங்க.” அது ஊர் முழுக்கப் பிரசித்தம். பிரசவத்துக்கு டாக்டரைக் கூப்பிடுகிறவராக இருந்தாலும் சரி, மிளகு விலை கேட்கிற வியாபாரியாக இருந்தாலும் சரி, அந்தக் குரலைக் கேட்டால் போனை வைக்க மாட்டார்கள்.

இன்னொரு விஷயமும் ஊருக்குத் தெரியும். சேலத்துக்கும் ஏற்காட்டுக்கும் ஜீப் ஓட்டும் தங்கவேல், சாயங்கால டிரிப் முடிந்ததும் எக்ஸ்சேஞ்ச் வாசலில் வண்டியை நிறுத்துவார். அக்காவின் அம்மாவுக்குச் சேலத்திலிருந்து மருந்து வாங்கி வந்திருப்பார். அக்கா ஃப்ளாஸ்கில் இருந்து ஒரு டம்ளர் டீ ஊற்றிக் கொடுப்பார். அவர் குடித்துவிட்டுப் போய்விடுவார். அவ்வளவுதான். ஆறேழு வருஷமாக அவ்வளவுதான். மனைவியை இழந்தவர், இந்து, மலைக்குக் கீழே சமவெளியிலிருந்து வந்தவர். எல்லாருக்கும் தெரியும், யாரும் வாய் திறந்து சொன்னதில்லை. அந்த ஊருக்கு அந்த நாகரிகம் இருந்தது.

அதைக் கெடுத்தவன் நான்.

பஜாரில் செல்வராஜ் என்று ஒருவர் வீடியோ கடை வைத்திருந்தார். ஒரு விசிஆர், கொஞ்சம் கேசட், நிறைய ஒயர். சில்வர் ஓக் மரங்களுக்கு நடுவே ஒயரை இழுத்துக்கொண்டு போய் வீடுகளுக்குக் கேபிள் கொடுத்திருந்தார். வாரத்தில் மூன்று நாள் குரங்குகள் அதில் ஊஞ்சலாடும். மீதி நாள் படம் தெரியும்.

அந்த வருஷம் அடித்த மழையில் மலைப்பாதையில் மண் சரிந்து பஸ் நின்றுபோனது. சேலத்திலிருந்து எதுவும் மேலே வரவில்லை. காய்கறி இல்லையே என்று கவலைப்பட்டவர்களை நான் பார்க்கவில்லை. புதுப் படம் இல்லையே என்றுதான் ஊர் கொதித்தது. ஒரே படத்தை நாலாவது முறை போட்டபோது செல்வராஜின் கடைக் கதவில் யாரோ சாணி அடித்துவிட்டுப் போனார்கள்.

அவர் கையில் மிச்சம் இருந்தது ஒரே ஒரு பெட்டி. ஆஸ்திரேலியாவுக்குக் குடிபோன ஒரு எஸ்டேட் அம்மாள் வீட்டுச் சாமான்களோடு விட்டுப்போனது. லண்டனில் இருந்த மகன் அங்கே டிவியில் வந்த ஒரு தொடரைப் பதிவு செய்து அம்மாவுக்கு அனுப்பியிருக்கிறான். பதின்மூன்று கேசட். ரோமானியர்கள் பிரிட்டனை விட்டுப் போன பிறகு அங்கே என்ன நடந்தது என்று ஒரு சரித்திரக் கதை.

செல்வராஜ் முதல் கேசட்டைப் போட்டார். அரை மணி நேரத்தில் எக்ஸ்சேஞ்சில் அவர் கடை நம்பரைக் கேட்டு வரிசையாக அழைப்பு. எல்லோருக்கும் ஒரே கோரிக்கைதான். எவன் நல்லவன், எவன் கெட்டவன் என்று மட்டும் சொல்லச் சொல்லுங்கள், மீதியை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

மறுநாள் செல்வராஜ் என்னைத் தேடி வந்தார்.

“ஏனுங்க சார், ட்ரங்க் லைன்ல நீங்க இங்கிலீஷ் பேசறதக் கேட்டிருக்கறனுங்க. மைக்குல உக்காந்து கதையத் தமிழ்ல சொல்லிப்போடுங்க. வேறொண்ணும் வேண்டாமுங்க.”

நான் ட்ரங்க் லைனில் பேசுகிற இங்கிலீஷ் மொத்தம் பத்துப் பன்னிரண்டு வார்த்தை. அதை அவரிடம் சொல்லவில்லை. மைக் என்றால் யாருக்குத்தான் ஆசை இல்லை?

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நாலு மணி. கடைக்குப் பின்னால் ஒரு அறை. ஜன்னலுக்குக் கம்பளி. மைக்குக்குக் கைக்குட்டை. தொடரின் சத்தத்தைக் குறைத்துவிட்டு என் குரலை ஏற்றினார் செல்வராஜ். எனக்குப் புரிந்தது பாதிக் கதை. மீதிப் பாதியை ஏற்காடு மக்கள் என்னிடமிருந்து பெற்றுக்கொண்டார்கள்.

அந்தத் தொடரைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

முதல் காட்சியிலேயே ரோமானியர்கள் கிளம்பிப் போய்விடுவார்கள். எட்டுப் பேர். ஒரே படகு. ஒரு சாம்ராஜ்யம் முழுக்க அந்தப் படகில் ஏறியது... இரண்டு பேருக்கு உட்கார இடம்கூட மிச்சம் இருந்தது. அவர்கள் போன பிறகு மலைக்கோட்டையில் இருப்பவர்கள் ரோமானிய அதிகாரி உட்கார்ந்திருந்த நாற்காலிக்கு அடித்துக்கொள்வார்கள். மூன்று வாரம் அடித்துக்கொண்டார்கள். கடைசியில் மார்டன் என்கிற முரடன் அதில் உட்காருவான். உட்கார்ந்ததும் முதல் உத்தரவு — ரோமானிய உடுப்பு போடாதவன் என் முன்னால் வரக்கூடாது. ரோமானியர்கள் கட்டிவிட்டுப் போன வெந்நீர்க் குளியல் கூடத்தை எப்படிச் சூடாக்குவது என்று ஒருவனுக்கும் தெரியாது. அதில் ஆடு கட்டினார்கள்.

எங்கள் ஊர்க்காரர்கள் இதை ஆச்சரியமே இல்லாமல் பார்த்தார்கள். துரைமார்கள் கப்பலேறி நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகியும், டை கட்டாதவனை உள்ளே விடாத கிளப்புகள் மலை மேல் இருந்தன. கட்டிக்கொண்டு உள்ளே போனவர்கள் சாப்பிட்டதென்னவோ பக்கோடாதான்.

கோட்டைச் சுவரில் யாராவது சாய்ந்தால் சுவர் ஆடும். ஒரு தாடிக்காரர் வாரா வாரம் செத்தார். முதல் வாரம் ரோமானியராக, இரண்டாவது வாரம் மீனவராக, மூன்றாவது வாரம் பாதிரியாராக. அவர் எப்போது சாவார் என்று டீக்கடையில் பந்தயம் வைத்தார்கள். ஒரு வாரம் அவர் சாகாமல் தப்பித்துவிட்டார். ஏதாவது தப்பு நடந்துவிட்டதா என்று மாரமங்கலத்திலிருந்து போன் வந்தது.

மற்றபடி எந்நேரமும் மூடுபனி, தூறல், சேறு. எல்லாரும் கம்பளியைப் போர்த்திக்கொண்டு மூக்கை உறிஞ்சிக்கொண்டிருப்பார்கள். ஏற்காட்டுக்காரனுக்கு அது வெளிநாடாகவே தெரியவில்லை.

மலைப்பாதை சரியாகிப் புதுப் படங்கள் வந்தன. ஆனாலும் ஞாயிறு நாலு மணிக்கு அந்தக் கோட்டைக் கதைதான் வேண்டும் என்றார்கள். பஜாரில் நான் நடந்தால் திரும்பிப் பார்த்தார்கள். ஓட்டலில் எனக்கு மட்டும் சட்னி இரண்டாவது தடவை வந்தது. தலையில் ஏறாமல் என்ன செய்யும்?

ஐந்தாவது வாரம். கோட்டையைத் தாக்க வந்த எதிரிப் படையில் எட்ரிக் என்று ஒருவன். சாக்ஸன் இனத்தான், வேறு பாஷை, வேறு சாமி. நெஞ்சில் ஈட்டி பாய்ந்து காட்டில் கிடக்கிறான். கோட்டை வைத்தியரின் மகள் எல்வா அவனைப் பார்க்கிறாள். காயத்தைக் கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு ஏதோ சொல்கிறாள். என்ன சொன்னாள் என்று எனக்குப் புரியவில்லை. அந்த அமைதியான இடத்தில் ஏதாவது சொல்லியாக வேண்டும்.

நான் குரலைப் பெண்குரலாக்கிக்கொண்டு, “லைன்ல இருங்க சாமி... போயிறாதீங்க” என்றேன்.

கம்பளி போர்த்திய ஜன்னலைத் தாண்டி பஜார் சிரித்தது கேட்டது. பேக்கரியில், டீக்கடையில், எதிர் லாட்ஜில்... செல்வராஜ் சிரித்த சிரிப்பில் மைக் கவிழ்ந்தது. என் வாழ்க்கையில் அதற்கு முன்னும் பின்னும் அவ்வளவு பெரிய கைதட்டல் எனக்குக் கிடைத்ததில்லை.

மறுநாள் காலை டூட்டிக்குப் போனேன். பிலோமினா அக்கா போர்டில் இருந்தார். ஹெட்செட்டைக் கழற்றி என்னிடம் கொடுத்தார். கேட்டீங்களா அக்கா என்றேன். பாராட்டை எதிர்பார்த்துத்தான் கேட்டேன்... அவ்வளவு முட்டாள் நான்.

“கேட்டேன் தம்பி. எங்க ஊடே சிரிச்சுது” என்றார். கிளம்பிப் போய்விட்டார்.

அன்றிலிருந்து எல்வா பிலோமினா ஆனாள். எட்ரிக் தங்கவேல் ஆனார். நான் அப்படிச் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய அவசியமே இல்லை. ஆறேழு வருஷமாக வாயை மூடிக்கொண்டிருந்த ஊருக்கு நான் ஒரு வாக்கியம் எடுத்துக் கொடுத்தேன். அவ்வளவு போதாதா? பஸ் ஸ்டாண்டில் தங்கவேல் ஜீப்பை நிறுத்தினால், லைன்ல இருங்க சாமி என்று யாராவது குரல் கொடுப்பார்கள். எக்ஸ்சேஞ்சுக்கே போன் செய்து அக்காவிடம் அதைச் சொல்லிவிட்டு வைத்துவிடுவார்கள். அக்கா அந்த வாக்கியத்தைச் சொல்வதை நிறுத்திவிட்டார். அவர் சொன்னதெல்லாம் “ஒரு நிமிசம்” மட்டும்தான்.

சவரிமுத்து காதுக்கு இது எஸ்டேட்டிலேயே போயிருக்கிறது. காபி பறிக்கும் ஆட்கள் வரிசையில் நின்றுகொண்டு சிரித்திருக்கிறார்கள். அவர் மறுநாளே எக்ஸ்சேஞ்சுக்கு வந்து, இனிமேல் வாசலில் எந்த ஜீப்பும் நிற்கக் கூடாது என்று சொல்லிவிட்டார். தினம் சாயங்காலம் குடையோடு வந்து தங்கையைக் கூட்டிக்கொண்டு போனார். ஊருக்கே இணைப்புக் கொடுக்கிற முப்பத்தைந்து வயதுப் பெண், பள்ளிக்கூடம் விட்ட பிள்ளை மாதிரி அண்ணன் பின்னால் நடந்து போனார்.

நான் என்ன செய்தேன் என்று கேட்கிறீர்களா? அடுத்த ஞாயிற்றுக்கிழமை மைக் முன்னால் உட்கார்ந்தேன். கதையில் எல்வா எட்ரிக்கை ஒரு கொட்டிலில் ஒளித்து வைத்துக் கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தாள். நான் வேறு எந்த நகைச்சுவையும் சேர்க்கவில்லை. அதை ஒரு பெரிய பிராயச்சித்தமாக நினைத்துக்கொண்டேன்.

பன்னிரண்டாவது கேசட் இப்படி முடிந்தது. எட்ரிக் அகப்பட்டுவிட்டான். கோட்டை வாசலில் மார்டன் நிற்கிறான். ஒன்று, இவனை என்னிடம் ஒப்படை. இல்லை, இவனோடு நீயும் வெளியே போ என்கிறான். எல்வா வாயைத் திறக்கிறாள். படம் நின்றுவிட்டது.

செல்வராஜும் நானும் பதின்மூன்றாவது கேசட்டை அப்போதே போட்டுப் பார்த்தோம். ஒரு கிரிக்கெட் மைதானம் தெரிந்தது. யாரோ அதன் மேல் மேட்ச் பதிவு செய்திருக்கிறார்கள். அதுவும் மழையால் நின்றுபோன மேட்ச். தார்ப்பாய் போர்த்திய பிட்ச்சைக் கடைசி வரை ஓட்டிப் பார்த்தோம். எல்வா வரவில்லை.

“இன்னொரு விசிஆர் இரவல் வாங்கிப் பழைய கேசட்டுல இருந்து அங்கொண்ணு இங்கொண்ணு வெட்டி ஒட்டிப்போடறனுங்க. நீங்க வாயால முடிச்சு உடுங்க” என்றார் செல்வராஜ்.

அந்த ஒரு வாரம் நான் பட்ட பாடு எந்த எழுத்தாளனும் பட்டிருக்க மாட்டான். ஒரு எஸ்டேட் முதலாளி போன் செய்து, கீழே இருக்கிறவர்கள் ஜெயிப்பது போல் முடிக்க வேண்டாம் என்றார். தொழிற்சங்கக்காரர் ஒருவர் நேரில் வந்து, கோட்டையை உழைக்கும் மக்கள் கைப்பற்றினால் என்ன என்று கேட்டார். ஜெபக்கூட்டம் நடத்தும் ஒருவர் எட்ரிக்குக்கு ஞானஸ்நானம் கொடுத்துவிட்டால் எல்லாச் சிக்கலும் தீர்ந்தது என்றார். எல்லோரும் சிரித்துக்கொண்டேதான் சொன்னார்கள். யாரும் பேசியது எல்வாவைப் பற்றி அல்ல என்பது எல்லோருக்கும் தெரியும்.

என் வீட்டுக்காரர் கந்தசாமியும் வந்தார். பஜாரில் ஹார்டுவேர் கடை. வியாபாரிகள் சங்கத் தலைவர். அவர் வீட்டு மாடியில்தான் நான் குடியிருந்தேன். சவரிமுத்துவுக்கு நெருங்கிய சிநேகிதர். கதவருகிலேயே நின்றுகொண்டு பேசினார்.

“நம்மூருப் பொண்டு புள்ளைகெல்லாம் பாக்கறாங்க. பாத்து முடிச்சு உடுங்க.”

சரிங்க என்றேன். அவர் மேலே கூரையை ஒரு சுற்றுப் பார்த்தார்.

“ஊடு ஒழுகுதுங்களா?” என்று கேட்டார். இல்லைங்க என்றேன். “நல்ல ஊடுங்க. இந்த மாதிரி இந்த ஊருல கெடைக்கறது நொம்பக் கஷ்டம்” என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

இதைவிட மரியாதையாக ஒருவரை மிரட்ட முடியுமா?

சனிக்கிழமை டூட்டி மாறும்போது பிலோமினா அக்கா என்னிடம் பேசினார். அந்த இரண்டு மாதத்தில் வேலை சம்பந்தமில்லாமல் அவர் பேசியது அதுதான் முதல் தடவை.

“தம்பி, பதிமூணாவது கேசட்டு இல்லையாமே?”

எப்படித் தெரியும் என்று கேட்டேன்.

“செல்வராஜு சேலத்துக்குப் போன் போட்டு விசிஆர் கேட்டப்ப போர்டுல நான்தான இருந்தேன்” என்றார். பிறகு பேப்பர்களை அடுக்கிக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். “நீங்க ஒண்ணும் ஜோடிக்க வேண்டாம். கேசட்டு இல்லீங்க, முடிவு எனக்குத் தெரியாதுங்க, அந்தப் புள்ளைக்கும் இந்த ஊருல இருக்கற யாருக்கும் சம்பந்தமில்லீங்கன்னு மைக்குல சொல்லிருங்க. அது போதும்.”

சொல்கிறேன் அக்கா என்றேன். நிஜமாகவே சொல்வதாகத்தான் இருந்தேன்.

“தெரியாதுன்னு சொல்றது சிரமந்தான். இருந்தாலும் சொல்லிருங்க” என்றார்.

ஞாயிற்றுக்கிழமை நாலு மணிக்குப் போனால் அந்தச் சின்ன அறையில் பெஞ்சு போட்டிருந்தது. பெஞ்சில் கந்தசாமி. பக்கத்தில் சவரிமுத்து, முழங்காலுக்கு நடுவில் குடையை நிறுத்திக்கொண்டு. எப்படிச் சொல்கிறீர்கள் என்று பார்க்க வந்தோம் என்றார் கந்தசாமி. சவரிமுத்துவுக்குத் தூங்கிப் பல நாளான முகம். அவரைப் பார்க்கவும் எனக்குப் பாவமாகத்தான் இருந்தது. அவருக்கும் இந்தக் கோலத்தைக் கொடுத்தவன் நான்தானே?

மைக்கைப் பிடித்தேன். கேசட் இல்லை என்ற வார்த்தை நாக்கு நுனி வரை வந்தது. என் வாய், “அன்பார்ந்த நேயர்களே, இதோ இறுதிப் பகுதி” என்றது.

எல்வா எட்ரிக்கை ஒப்படைத்தாள் என்று சொல்ல மனசு வரவில்லை. அவனோடு போனாள் என்று சொல்லத் தைரியம் வரவில்லை. இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட கோழை என்ன செய்வான்?

எட்ரிக்குக்குக் காய்ச்சல் கண்டது என்றேன்.

செல்வராஜ் ஐந்தாவது கேசட்டில் அவன் காட்டில் கிடந்த காட்சியைப் போட்டார். காய்ச்சல் முற்றியது என்றேன். வைத்தியம் பலிக்கவில்லை என்றேன். எல்வா அழும் காட்சி வந்தது. நிஜத்தில் அவள் ஒரு ஆட்டுக்குட்டி செத்ததற்காக அழுதது. நான் எட்ரிக்கைப் புதைத்துவிட்டு, எல்வாவைக் கோட்டையில் உள்ளவர்களுக்குத் தொண்டு செய்தபடியே காலம் கழிக்க வைத்தேன். மார்டன் பெருந்தன்மையாக மன்னித்தான். முதல் வாரமே செத்த தாடிக்காரர் பின்னணியில் உயிரோடு நடந்து போனார். ஊருக்கு அதில் ஏகப்பட்ட சந்தோஷம்.

கந்தசாமி எழுந்து, நல்லா முடிச்சீங்க என்று கையைப் பிடித்தார். யார் மேலும் தப்பில்லை, எல்லோரும் நல்லவர்கள், ஒரு ஆள் மட்டும் இல்லை... இப்படி ஒரு முடிவு யாருக்குத்தான் பிடிக்காது? சவரிமுத்து குடையை எடுத்துக்கொண்டு தலையைக் குனிந்தபடி வெளியேறினார்.

திங்கட்கிழமை தங்கவேல் ஜீப் பஸ் ஸ்டாண்டுக்கு வந்தபோது, காய்ச்சல் தேவலையா என்று விசாரித்தார்களாம்.

புதன்கிழமை சாயங்காலம் பிலோமினா அக்கா போர்டை என்னிடம் ஒப்படைத்துவிட்டுக் கிளம்பாமல் நின்றார். குடையோடு அண்ணன் வர இன்னும் அரை மணி நேரம் இருந்தது. வாசல் பக்கம் திரும்பிக் கையைக் காட்டினார். தங்கவேல் உள்ளே வந்தார். நல்ல உயரம். கையில் கிரீஸ். என்னைப் பார்த்து வணக்கம் சொல்லிவிட்டு, எங்கே நிற்பது என்று தெரியாமல் சுவரோரம் ஒதுங்கினார்.

“இவரு தங்கவேலுங்க. ஞாயித்துக்கெழம செத்துப்போனவரு” என்றார் அக்கா.

நான் எழுந்து நின்றுவிட்டேன். உட்காருங்கள் என்று கையமர்த்திவிட்டு அக்கா விஷயத்தைச் சொன்னார். வெள்ளிக்கிழமை சேலத்தில் ரிஜிஸ்டர் கல்யாணம். சாட்சிக்கு மூன்று பேர் வேண்டும். ஆஸ்பத்திரி நர்ஸ் ஒருவர் வருகிறார். தங்கவேலின் கூட்டாளி டிரைவர் ஒருவர் வருகிறார். மூன்றாவதாக ஒத்துக்கொண்டிருந்தவர் சர்ச்சில் ஆர்மோனியம் வாசிப்பவர். ஞாயிற்றுக்கிழமை என் கதையைக் கேட்டுவிட்டு, ஊரே சமாதானமாகிவிட்டது, நான் எதற்கு நடுவில் என்று ஒதுங்கிக்கொண்டார்.

“அதனால நீங்க வரோணும் தம்பி. இவரு உசுரோட இருக்காருன்னு நீங்கதான் சாட்சி சொல்லோணும்.”

வெள்ளிக்கிழமை எனக்கு டூட்டியாச்சே என்றேன்.

“சார்ட்டு நான்தான போட்டேன்? உங்களுக்கு ஆஃப்.”

ரிஜிஸ்டர் கல்யாணத்துக்கு ஒரு மாதம் முன்னாலேயே நோட்டீஸ் கொடுக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். எப்போது கொடுத்தீர்கள் என்று கேட்டேன்.

“ஒம்பதாவது கேசட்டு ஓடுனப்பவே” என்றார்.

எல்வா யாரோடு போவாள் என்று எஸ்டேட் முதலாளியும் தொழிற்சங்கமும் நானும் கந்தசாமியும் மண்டையை உடைத்துக்கொண்டிருந்தபோது, சேலத்து ஆபீஸ் பலகையில் இவர்கள் பெயரை எழுதி ஒட்டியிருக்கிறார்கள். போகிற வருகிறவர்கள் பார்க்கும்படியாக. ஏற்காட்டிலிருந்து தினம் அத்தனை பேர் சேலத்துக்குப் போய் வந்தார்கள். ஒருவன் கண்ணிலும் படவில்லை.

என்னை மன்னித்துவிடுங்கள் அக்கா என்று ஆரம்பித்தேன். அவர் முடிக்க விடவில்லை.

“நீங்க அன்னிக்கு அப்பிடிப் பேசாம இருந்திருந்தா, இன்னும் பத்து வருசம் டீ ஊத்திக் குடுத்துட்டே இருந்திருப்பனோ என்னமோ. அதுக்காக உங்களுக்கு நன்றி சொல்ல மாட்டேன். கையெழுத்துப் போட வாங்க.”

வெள்ளிக்கிழமை காலை தங்கவேலின் ஜீப்பில், பஜார் முழுக்கப் பார்க்க, முன் சீட்டில் உட்கார்ந்து போனேன். பின்னால் உட்காருகிறேன் என்று சொல்லிப் பார்த்தேன். பெண்கள் இருக்கிறார்கள், நீங்கள் முன்னால் வாருங்கள் என்று தங்கவேல் கதவைத் திறந்துவிட்டார். கந்தசாமி கடையில் ஷட்டரைத் தூக்கிக்கொண்டிருந்தார். பாதியில் நிறுத்திவிட்டுப் பார்த்தார். இருபது கொண்டை ஊசி வளைவையும் எண்ணிக்கொண்டே போனேன். தங்கவேல் நடுவில் ஒரு தடவை, “அந்தக் காய்ச்சல் காட்சி நல்லா இருந்துச்சுங்க” என்றார். கேலியா, நிஜமா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

ஆபீஸில் அக்கா கையெழுத்துப் போட்டார். தங்கவேல் போட்டார். நர்ஸ், டிரைவர், நான். என் முறை வந்தபோது குமாஸ்தா கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்து, பெண்ணுக்கு நீங்கள் என்ன உறவு என்று கேட்டார். என்ன சொல்வது?

“கூட வேலை பாக்கறவருங்க. வாயால நெறயக் கதை சொல்லுவாரு” என்றார் அக்கா. “கையெழுத்து மட்டும் நெசமாப் போடுவாருங்க.”

போட்டேன். என் பெயரே இன்னொருவன் பெயர் மாதிரி விழுந்தது.

அக்கா சேலத்துக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு போனார். சவரிமுத்து ஒரு வருஷம் தங்கையோடு பேசவில்லை. பிறகு அம்மாவுக்கு உடம்பு முடியாமல் போனபோது, சேலத்து டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போக அவரே தங்கவேலின் ஜீப்பைத்தான் கூப்பிட்டார் என்று கேள்விப்பட்டேன். செல்வராஜ் டிஷ் வாங்கி வைத்துவிட்டதால் அவருக்கு என் குரல் தேவைப்படவில்லை. ஓட்டலில் எனக்குச் சட்னி ஒரு தடவைதான் வந்தது.

கந்தசாமி? கல்யாணத்தன்று சாயங்காலமே மாடிக்கு வந்தார். சத்தம் போடவில்லை. சேலத்திலிருந்து மச்சான் குடும்பம் வருகிறது, ஊடு வேண்டியிருக்கிறது என்று மரியாதையாகச் சொன்னார். ஞாயிற்றுக்கிழமைக்குள் காலி செய்துவிட்டேன். ஒரு ட்ரங்க் பெட்டி, ஒரு பாய், ஒரு ஸ்டவ், ஒரு பக்கெட். பேக்கரி மாடியில் ஒரு அறை காலியாகக் கிடந்தது. காலையில் ரொட்டி வாசனையில் எழுந்திருப்பேன். கூரையும் ஒழுகவில்லை.

இதற்குப் பயந்துதானா ஒரு ஆளைச் சாகடித்தேன்?